பொட்டு வைத்த பட்டா

நில அலுவலகத்தில் எங்கள் எண் வந்ததும் அத்தை முகப்பில் முதலில் வைத்தது முறுக்கு டப்பாவை. பிறகுதான் பட்டாவை.

“முறுக்க எடுத்துருங்க ஆன்ட்டி,” என்றார் முகப்பில் இருந்த பெண். “இங்க எதுவும் வாங்கக் கூடாது.”

“சாப்பிடத்தாம்மா. லஞ்சம்லாம் இல்ல. வீட்ல சுட்டது.”

“வாசன வருது. அதான் சொல்றேன், சீக்கிரம் எடுத்துருங்க லா.”

சட்டையில் டோரிஸ் என்று பெயர் அட்டை குத்தியிருந்தார். கழுத்தில் சின்னச் சிலுவை. தமிழில் பேச ஆள் கிடைத்ததிலேயே அத்தைக்குப் பாதி வேலை முடிந்துவிட்டது. டப்பாவை மடிக்கு மாற்றிக்கொண்டு பட்டாவை முன்னால் தள்ளினார்.

டோரிஸ் அதைப் புரட்டினார். விளக்குக்கு நேராகப் பிடித்தார். ஓரத்தை நகத்தால் தட்டிப் பார்த்தார். டக் டக் என்றது.

“கிராண்ட லேமினேட் பண்ணிட்டீங்களா ஆன்ட்டி?” பட்டாவுக்கு இங்கே கிராண்ட் என்று பெயர்.

“ஆமாம்மா. பத்திரமா இருக்கட்டும்னு.”

“உள்ள செவப்பா இருக்கே, அது என்னா?”

“குங்குமம்.”

“மஞ்சளா?”

“சந்தனம்.”

டோரிஸ் முகத்தைக் கணினிப் பக்கம் திருப்பிக்கொண்டார். தோள் மட்டும் குலுங்கியது.

மலர்க்கொடி என் மாமியார். அத்தை என்றுதான் கூப்பிடுவேன். லூபோக் சீனாவில் அவர் பெயரில் ஒரு மனையும் வீடும் இருக்கின்றன. ரப்பர்த் தோட்டத்தை விற்றபோது தொழிலாளர்களுக்கு ஒதுக்கிய மனைகளில் ஒன்று. மாமா காளிமுத்து பால் வெட்டிச் சேர்த்த காசில் வாங்கியது. அவர் உயில் எழுதாமல் இறந்துபோனார். மனை அத்தை பெயருக்கு மாறப் பல வருடம் ஆனது. அலுவலகங்களில் காத்து உட்கார்ந்தே செருப்பெல்லாம் தேய்ந்துவிட்டது என்பார் அத்தை. உட்கார்ந்தால் செருப்பு எப்படித் தேயும் என்று நிர்மலா கேட்பாள்.

நிர்மலாதேவி அவரது மூத்த மகள். என் மனைவி. இரண்டு வருடத்துக்கு முன்னால் டிங்கிக் காய்ச்சலில் இறந்தாள்.

நான் பத்து பெரண்டாமில் ஒரு தொழிற்சாலையில் பொறியாளன். லூபோக் சீனாவிலிருந்து நல்ல தூரம். நிர்மலா போன பிறகும் அத்தை வீட்டில்தான் இருந்தேன். வேறு இடம் பார்க்க வேண்டும் என்று அவ்வப்போது கட்டிலுக்கு அடியிலிருந்து பெட்டியை இழுப்பேன். அத்தை சாப்பிடக் கூப்பிடுவார். பெட்டி திரும்ப உள்ளே போகும்.

அத்தைக்கு ஒரே நினைப்பு. தான் அலைந்ததுபோல் பிள்ளைகள் அலையக் கூடாது. கையெழுத்துப் போடத் தெம்பு இருக்கும்போதே மனையை எழுதிக் கொடுத்துவிட வேண்டும். பாதி சின்ன மகள் பவானேஸ்வரிக்கு. பாதி எனக்கு.

“எனக்கு எதுக்கு அத்த?” என்று கேட்டேன்.

“உங்களுக்கு இல்ல மாப்ள. அது நிர்மலா பாதி. உங்க கையில இருக்கட்டும்னு குடுக்கறேன். ரொம்பப் பெருமப்படாதீங்க.”

அதற்காகத்தான் அன்று வந்திருந்தோம். நான் அன்று அத்தைக்குக் காடி ஓட்டுநர். இங்கே காரைக் காடி என்போம். வேறு எண்ணம் எனக்கு இல்லை. பட்டா பவானி பெயருக்குப் போனால் போதும் என்று நினைத்திருந்தேன்.

டோரிஸ் திரும்பினார். முகம் சரியாகிவிட்டிருந்தது.

“இதுல ஒன்னும் பண்ண முடியாது ஆன்ட்டி. பேர் மாத்துனா இந்தக் காகிதத்துலதான் பதிஞ்சு முத்திர சாப் குத்தணும். பிளாஸ்டிக் மேல எப்படிக் குத்தறது? அப்புறம், மனையோட லோட் நம்பரே தெரியல. சரியா அது மேலயே பொட்டு.”

“அங்கதான வைக்கணும்,” என்றார் அத்தை.

மாமாவின் ஏற்பாடு அது. ஆயுத பூசையன்று பால் வெட்டும் கத்தி, மோட்டார் சைக்கிள் சாவி, அத்தையின் அரிவாள்மனை எல்லாவற்றையும் வரிசையாக வைப்பார். கடைசியில் பட்டா. எல்லாவற்றுக்கும் சந்தனம், குங்குமம். கத்திக்குப் பிடியில் வைப்பார். பட்டாவுக்கு எங்கே வைப்பது என்று முதல் வருடம் யோசித்திருக்கிறார். மனை எண் இருக்கும் மூலைதான் அதற்கு நெற்றி என்று முடிவு செய்திருக்கிறார். அதன் பிறகு வருடா வருடம் அதே இடம். பொட்டுமேல் பொட்டு.

“அப்ப நெலம் போச்சாம்மா?” அத்தையின் குரல் இறங்கியது. டப்பாவை இறுக்கிப் பிடித்துக்கொண்டார்.

“கிராண்ட் கெட்டா நெலம் கெட்டுப் போவாது ஆன்ட்டி. பதிவு எங்ககிட்ட இருக்கு. இருங்க.”

விசைகளைத் தட்டினார். பதிவிலிருந்து எடுத்த ஒரு தாளை அச்சடித்து நீட்டினார். மனை எண், மாவட்டம், முக்கிம் எனும் வட்டாரம், பரப்பு. கீழே உரிமையாளர் பெயர். மலர்க்கொடி.

அத்தை தாளை வாங்கித் தூரத்தில் பிடித்துப் படித்தார். கிட்டத்தில் பிடித்தும் படித்தார்.

“எம் பேரு மட்டும்தான இருக்கு?”

“உங்க பேரு மட்டும்தான். உங்க நெலம், உங்க கிராண்ட். அது கெட்டுப் போச்சுன்னா புதுசு கேட்டு வாங்கறது உங்க உரிம. நாங்க தயவு பண்ணிக் குடுக்கறது இல்ல. பழசக் குடுத்துட்டுப் புதுசு வாங்கிக்கலாம்.”

“இப்பவே குடுப்பீங்களா?”

“மனு போடணும். ஐசி கார்டு நகல், நெல வரி கட்டுன ரசீது. அதோட ஒரு சத்தியப் பிரமாணம். கிராண்ட் எப்படிக் கெட்டுச்சு, யாரு பண்ணது, ஏன் பண்ணாங்க. உள்ளத உள்ளபடி எழுதிச் சத்தியம் பண்ணிக் கொண்டாங்க.”

தாளைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்த அத்தை சட்டென்று அடங்கிவிட்டார். நன்றி சொல்லி எழுந்தார். காடியில் ஏறியதும் டப்பாவைத் திறந்து ஒரு முறுக்கை எடுத்துக் கடித்தார். எனக்கும் ஒன்று கொடுத்தார். மஸ்ஜிட் தானா ஊருக்குள் நுழையும்போது கூப்பிட்டார்.

“மாப்ள.”

“ம்.”

“எலி கடிச்சிருச்சுன்னு எழுதலாமா?”

“எலி லேமினேட் பண்ணாது அத்த.”

முறுக்கில் இன்னொரு கடி கடித்தார்.

“வெள்ளம்?”

“வெள்ளமும் பண்ணாது.”

“படிச்சவர்னு உங்களக் கூட்டிட்டு வந்தேன் பாருங்க,” என்று ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். பிறகு அங்கே பார்த்தபடியே கேட்டார். “செத்தவங்க மேல கேஸ் போடுவாங்களா?”

அப்போதுதான் அவர் பயம் விளங்கியது. பட்டாவை லேமினேட் செய்தது நிர்மலா. அவள் மஸ்ஜிட் தானாவில் ஒரு காகிதக் கடையில் வேலை பார்த்தாள். கடையை மூடியபோது முதலாளி அவளுக்குக் கொடுத்தது லேமினேட் செய்யும் இயந்திரத்தைத்தான். அன்றிலிருந்து எங்கள் வீட்டில் எதுவும் நனையவில்லை, கிழியவில்லை. தண்ணீர் பில், தீபாவளித் தேதி இருந்த நாட்காட்டித் தாள், காஸ் கொண்டுவருபவரின் தொலைபேசி எண், பவானியின் ஆறாம் ஆண்டுத் தேர்வு முடிவு, ஒரு அரச இலை. எல்லாம் பிளாஸ்டிக்குக்குள்.

“கேஸெல்லாம் போட மாட்டாங்க அத்த.”

“பேர எழுதுவாங்கல்ல? கவர்மெண்ட் காகிதத்துல, இன்னாரு கெடுத்தாங்கன்னு.”

“எழுதத்தான் செய்வாங்க.”

“அப்ப பிளாஸ்டிக்க உரிச்சிருவோம். உரிச்சிட்டா சத்தியமும் வேணாம், ஒன்னும் வேணாம்.”

உரிக்கும் பொறுப்பு திருச்செல்வத்திடம் போனது. பக்கத்து வீடு. லூபோக் சீனாவில் கைத்தொலைபேசி பழுதுபார்க்கும் கடை வைத்திருக்கிறார். உடைந்த திரையைச் சூடான காற்றடித்துப் பிரிக்கும் கருவி அவரிடம் உண்டு. அதைத் தூக்கிக்கொண்டு சனிக்கிழமை மாலை வந்தார். வரும்போதே தேநீர் கேட்டார்.

“ஐபோனையே உரிச்சிருக்கேன் க்கா. இது என்னா, காகிதம்.”

“எடுத்த ஒடனே கிராண்ட்ல கைய வைக்காதீங்க,” என்றேன். “வேற ஏதாச்சும் வச்சு முதல்ல பாப்போம்.”

வீட்டில் அதற்குப் பஞ்சமில்லை. அத்தை நாட்காட்டித் தாளைக் கொண்டுவந்தார். தீபாவளி வேண்டும் என்று தானே திரும்ப எடுத்துக்கொண்டார். அது எப்போதோ முடிந்துபோன தீபாவளி. பவானி தன் அறைக்குப் போய்த் தேர்வு முடிவோடு வந்தாள்.

“இத உரிங்க ண்ணே. கிழிஞ்சாலும் பரவால்ல.”

“நல்ல மார்க்கா?” என்றார் திருச்செல்வம்.

“நல்ல மார்க்கா இருந்தா குடுப்பனா?”

திருச்செல்வம் சூட்டுக் காற்றை அடித்தார். பிளாஸ்டிக் நெளிந்தது. ஒரு மூலையைக் கத்தி நுனியால் தூக்கினார். பிடித்து மெல்ல இழுத்தார். பிளாஸ்டிக் அழகாக வந்தது. எழுத்தும் அதோடு வந்தது. மேசையில் மிஞ்சியது வெறும் வெள்ளைத் தாள்.

“கணக்கு மார்க் போச்சு,” என்றார் திருச்செல்வம்.

பவானி கை தட்டினாள். “பாத்தீங்களா மா, நான் கணக்குல ஃபெயில்னு இனிமே யாரும் நிரூபிக்க முடியாது.”

“எனக்குத் தெரியுமே,” என்றார் அத்தை.

பட்டாவை அவரே எடுத்துக்கொண்டு போய்ச் சாமி அறையில் வைத்தார். திருச்செல்வம் இரண்டாவது தேநீரும் குடித்துவிட்டுப் போனார். போகும்போது, காகிதம் ஐபோனைவிடக் கஷ்டம் என்று ஒத்துக்கொண்டார்.

அன்றிரவு நான் பிரமாணத்தை மலாயில் தட்டச்சு செய்தேன். யார் செய்தது என்ற இடத்தைக் காலியாக விடச் சொன்னார் அத்தை. அங்கே போய்த் தானே சொல்லிக்கொள்வதாகச் சொன்னார்.

சத்தியப் பிரமாண ஆணையர் சாமிக்கண்ணுவின் அலுவலகம் மஸ்ஜிட் தானாவில் ஒரு சாப்பாட்டுக் கடைக்கு மேலே இருக்கிறது. மேசை, மின்விசிறி, வட்ட முத்திரை. கீழிருந்து ரொட்டிச் சானாய் வாசனை வந்துகொண்டே இருக்கும். அவர் முன்பு நீதிமன்றத்தில் மொழிபெயர்ப்பாளராக இருந்தவர். தாளை வாங்கி வாய்விட்டுப் படித்தார். காலி இடம் வந்ததும் நிறுத்தினார்.

“யாரு பண்ணது?”

“நான்தான்,” என்றார் அத்தை.

நான் அவரைப் பார்த்தேன். அவர் என்னைப் பார்க்கவில்லை. சேலைத் தலைப்பைச் சரிசெய்து நேராக உட்கார்ந்தார்.

“நீங்களே லேமினேட் பண்ணீங்களா?”

“ஆமாங்க. நானே. எங் கையாலயே.”

“எங்க? கடையிலயா?”

“வீட்ல மிஷின் இருக்கு.”

“ஓ.” சாமிக்கண்ணு பேனாவைத் திறந்தார். திறந்தவர் எழுதவில்லை. “சும்மா தெரிஞ்சிக்கக் கேக்கறேன். எம் மகளும் ஒன்னு வாங்கணும்னு சொல்லிக்கிட்டு இருக்கா. காகிதம் எந்தப் பக்கம் போவும்?”

அத்தை அதை எதிர்பார்க்கவில்லை.

“மேல.”

“மேலயா?”

“மேல விட்டு ஒரு அமுக்கு அமுக்கணும். ரொட்டி சுடற மிஷின் மாதிரி. வெந்ததும் துள்ளி வந்துரும்.”

சாமிக்கண்ணு கண்ணாடியைக் கழற்றினார். துடைத்தார். மாட்டிக்கொள்ளாமல் கையிலேயே வைத்திருந்தார்.

“அம்மா, நான் கோர்ட்ல எத்தனையோ பொய்ய மலாய்ல மொழிபெயர்த்திருக்கேன். இத மொழிபெயர்க்க எனக்கே வெக்கமா இருக்கு.”

அத்தை தரையைப் பார்த்தார். கீழே யாரோ தே தாரிக் இரண்டு என்று கத்தினார்கள்.

“எம் பொண்ணு பண்ணா,” என்றார். “இப்ப இல்ல. அவ பேர குத்தவாளி மாதிரி எழுதி, அதுல நான் கையெழுத்துப் போடணுமா? மாட்டேங்க.”

“லேமினேட் பண்றது குத்தம் இல்லம்மா. பொய்ச் சத்தியம் பண்றதுதான் குத்தம். பண்ணும்போது யாராச்சும் பாத்தாங்களா?”

“நான் பார்த்தேன்,” என்றேன்.

இருவரும் என் பக்கம் திரும்பினார்கள்.

“அப்ப நீங்க பாத்தத நீங்க தனியா சத்தியம் பண்ணுங்க. அம்மாவுக்குத் தெரிஞ்சத அம்மா பண்ணட்டும். சொல்லுங்க தம்பி.”

சொன்னேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை. மழை. நிர்மலா சாமி அறையைத் துடைக்கும்போது பட்டாவை எடுத்துப் பார்த்தாள். சந்தனம் காய்ந்த இடத்தில் வெள்ளிப்பூச்சி அரித்திருந்தது. பூச்சியைச் செருப்பால் அடித்தாள். சாமி அறையில் செருப்பா என்று அத்தை சத்தம் போட்டார். இயந்திரத்தைச் சாப்பாட்டு மேசையில் வைத்தாள். சூடு ஏறக் காத்திருந்தாள். பட்டாவைப் பிளாஸ்டிக் உறைக்குள் வைத்துப் பக்கவாட்டில் விட்டாள். மறுபக்கம் மெதுவாக வெளியே வந்தது. மூலையில் ஒரு காற்றுக் குமிழி நின்றுவிட்டது. அதைக் கட்டைவிரல் நகத்தால் அழுத்திக்கொண்டே இருந்தாள், பிளாஸ்டிக் ஆறும்வரை. இனிமேல் பூச்சி இதன் பக்கம் வரட்டும் பார்க்கலாம் என்றாள்.

நான் எதிரில் உட்கார்ந்து நிலக்கடலை உரித்துக்கொண்டிருந்தேன். அதையும் சொன்னேன். சாமிக்கண்ணு அதை எழுதவில்லை.

நான் இவ்வளவு பேசி அத்தை கேட்டு ரொம்ப நாள் ஆகியிருக்கும். தலைப்பால் மூக்கைத் துடைத்துக்கொண்டு, “செருப்ப வச்சு அடிச்சத எழுதாதீங்க,” என்றார்.

“எழுதல மா.”

சாமிக்கண்ணு மலாயில் எழுதி முடித்தார். பிறகு அதைத் தமிழில் நிறுத்தி நிறுத்திச் சொன்னார்.

“என் மூத்த மகள், காலஞ்சென்ற நிர்மலாதேவி, பட்டாவைப் பூச்சி அரித்திருப்பதைக் கண்டு, அதைக் காப்பாற்ற வேண்டும் என்ற நல்ல எண்ணத்தில், பிளாஸ்டிக் உறையிட்டார். இதனால் ஏற்பட்ட சேதம் வேண்டுமென்று செய்யப்பட்டதல்ல.” தாளைக் கீழே வைத்தார். “சொல்லுங்கம்மா. இதுல குத்தவாளி யாரு?”

அத்தை யோசித்தார்.

“பூச்சி,” என்றார்.

“அவ்வளவுதான். கையெழுத்துப் போடுங்க.”

போட்டார். நானும் என் தாளில் போட்டேன். முத்திரை இரண்டு முறை விழுந்தது. இறங்கும்போது அத்தை முறுக்கு டப்பாவை அவர் மேசையில் வைத்தார். அவர் வேண்டாம் என்று சொல்லவில்லை.

மறுபடியும் டோரிஸ். மனு, நகல், ரசீது, பிரமாணம் எல்லாம் சரி. பழைய பட்டாவைக் கேட்டார். கொடுத்துவிட்டால் அது திரும்பி வராது. ரத்து செய்து விடுவார்கள். முன்னாலேயே சொல்லியிருந்தார்.

வெளியே கடையில் ஒரு வண்ண நகல் எடுத்து வைத்திருந்தேன். குங்குமம் நன்றாக விழுந்திருந்தது. சந்தனமும். குமிழி இருந்த மூலையில் நிர்மலாவின் நகம் பதிந்த கோடு ஒன்று உண்டு. பிளாஸ்டிக்கைச் சாய்த்துப் பிடித்தால் தெரியும். நகலில் அது விழவில்லை.

முகப்பில் சாய்த்து ஒருமுறை பார்த்தேன். டோரிஸ் கையை நீட்டிக்கொண்டே இருந்தார். அவசரப்படுத்தவில்லை.

“குடுங்க மாப்ள,” என்றார் அத்தை. “நமக்குப் பின்னால ஆள் இருக்கு.”

கொடுத்தேன். டோரிஸ் அதை ஓர் உறையில் போட்டார்.

“பாத்து வைங்கம்மா. பூச்சி வரும்.”

“பிளாஸ்டிக் இருக்கே ஆன்ட்டி. எப்படி வரும்?”

“அதான,” என்றார் அத்தை. அவருக்குத் திருப்தி.

புதுப் பட்டா தயாராகிவிட்டது என்று தொலைபேசி வந்தபோது ஆயுத பூசைக்குக் கொஞ்ச நாள்தான் இருந்தது. அத்தை தீபாவளிக்கு வைத்திருந்த சேலையைக் கட்டிக்கொண்டார். பவானி பாத்திக் சட்டைத் துணியில் தைத்த புதுக் கவுனில் வந்தாள். நில அலுவலகத்துக்கு இத்தனை அலங்காரத்தோடு போனது நாங்களாகத்தான் இருக்கும்.

டோரிஸ் பட்டாவை அத்தை கையில் கொடுத்தார். தாள் மொடமொடப்பாக இருந்தது. மனை எண் பளிச்சென்று தெரிந்தது. அத்தை அதைக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

“லேமினேட் கூடாது,” என்றார் டோரிஸ்.

“தெரியும்.”

“பொட்டும் கூடாது.”

“சின்னதா?”

“சின்னதாவும் கூடாது ஆன்ட்டி.”

அடுத்து பெயர் மாற்றப் படிவம். நிலத்தை எதற்கு ஈடாகக் கொடுக்கிறார்கள் என்று அதில் ஓர் இடம் உண்டு. விற்றால் விலையை எழுத வேண்டும். பிள்ளைகளுக்குச் சும்மா கொடுத்தால் அன்பும் பாசமும் என்று எழுதுவார்கள். மலாயில் காசே சாயாங். அரசாங்கப் படிவத்தில் அப்படி எழுதலாம் என்பதே அத்தைக்குப் புதுச் செய்தி. இரண்டு முறை சொல்லச் சொல்லிக் கேட்டார்.

“ஆனா ஒன்னு,” என்றார் டோரிஸ். “அன்பு பாசத்துல குடுத்தா முத்திரை வரியில சலுக உண்டு. மகளுக்குக் கெடைக்கும். மருமகனுக்குக் கெடைக்காது.”

“ஏம்மா, மருமகன் மேல பாசம் வச்சா கவர்மெண்ட் நம்பாதா?”

“நம்பும் ஆன்ட்டி. வரிய மட்டும் கட்டணும்.”

பவானி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். எனக்கு ஒரு வழி திறந்ததுபோல் இருந்தது.

“அப்ப முழுசும் பவானி பேர்லயே போட்டுருவோம் அத்த. வீண் வரி எதுக்கு?”

அத்தை என்னைப் பார்க்கவே இல்லை. டோரிஸிடம்தான் பேசினார்.

“மீனு, கோழி எல்லாம் சலுகையிலயா வாங்கறோம்? முழு வெல குடுத்துத்தான வாங்கறோம். மாப்ளயும் அப்படியே வாங்கிக்கறேன். நீங்க ரெண்டு பேருக்கும் அன்பு பாசம்னே எழுதுங்கம்மா.”

“எனக்கு இனாம், மாமாவுக்கு வரியா?” என்றாள் பவானி, என்னைக் காட்டி. “அப்ப நான் மலிவா?”

“நீ பொறந்ததுலேருந்தே மலிவுதான். பேசாம இரு.”

டோரிஸ் என் அடையாள அட்டையை வாங்கினார். “புவனேந்திரன்.” விவரங்களைப் படிவத்தோடு ஒப்பிட்டார். முகவரியில் விரல் நின்றது.

“லூபோக் சீனா வீடுதான். இப்பவும் இதே அட்ரெஸா?”

பவானி சிரிப்பை நிறுத்திவிட்டாள். அத்தை படிவத்தில் ஏதோ படிப்பதுபோல் குனிந்திருந்தார். அந்தப் படிவம் முழுக்க மலாய். அவர் கண்ணாடியும் போடவில்லை.

“அதேதான்,” என்றேன்.

“மாறலியே?”

“மாறல.”

அதிகாரி முன்னால் அத்தை கையெழுத்துப் போட்டார். பவானி போட்டாள். பேனா என்னிடம் வந்தது. காட்டிய இடத்தில் நானும் போட்டேன்.

ஆயுத பூசையன்று அத்தை வழக்கம்போல் எல்லாவற்றையும் வரிசையாக வைத்தார். மாமாவின் கத்தி, அரிவாள்மனை, என் காடிச் சாவி, பவானியின் மடிக்கணினி. குங்குமச் சிமிழைக் கையில் வைத்துக்கொண்டு சுற்றிலும் பார்த்தார்.

“கிராண்ட் எங்க?”

“ஒளிச்சு வச்சிருக்கேன்,” என்றாள் பவானி.

“எங்க வீட்டு கிராண்ட எங்கிட்டயே ஒளிக்கிறியா?”

“உங்ககிட்டயிருந்துதான் ஒளிக்கணும். சின்னதா ஒன்னு வைப்பீங்க. அப்புறம் அடுத்த வருஷம் அது மேல இன்னொன்னு.”

“பூச இல்லாம எப்படி விடறது? உங்கப்பா என்னா நெனப்பாரு?”

நான் புதுப் பட்டாவின் நகலைக் கொண்டுவந்து கொடுத்தேன். வங்கிக்கு என்று எடுத்ததில் மிச்சம். அத்தை அதைப் பார்த்தார். எண் இருக்கிறதா என்று பார்த்தார். இருந்தது. சந்தனம் தொட்டு அதன் நெற்றியில் வைத்தார். அதன்மேல் குங்குமம். எண் மறைந்துவிட்டது. பூசை நடந்தது.

சுண்டலுக்குப் பிறகு நகலைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

“இதுலயும் பூச்சி வரும்ல?”

“வரும்,” என்றாள் பவானி. சொல்லிவிட்டு என்னைப் பார்த்தாள்.

இயந்திரம் என் கட்டிலுக்கு அடியில்தான் இருந்தது. பெட்டிக்குப் பின்னால். அதை எடுக்க வேண்டுமானால் பெட்டியை வெளியே இழுக்க வேண்டும். இழுத்தேன். அதைத் திரும்பத் தள்ளக் குனியச் சோம்பலாக இருந்தது. அலமாரிமேல் ஏற்றிவிட்டேன். ஏணி இல்லாமல் இனி எட்டாது.

சாப்பாட்டு மேசையைத் துடைத்து இயந்திரத்தை வைத்தேன். மேலே தூசி. மின்சாரம் கொடுத்ததும் சிவப்பு விளக்கு எரிந்தது. மூன்று பேரும் காத்திருந்தோம். விளக்கு பச்சையானது. நகலை உறைக்குள் வைத்து இயந்திரத்துக்குள் விட்டேன். உறுமிக்கொண்டே இழுத்துக்கொண்டது. மறுபக்கம் சூடாக வெளியே வந்தது. குங்குமம் இருந்த மூலையில் ஒரு குமிழி. கட்டைவிரல் நகத்தால் அழுத்திப் பிடித்தேன்.

அத்தை நாற்காலியை இழுத்துப் போட்டு இயந்திரத்தின் வாய்க்குள் குனிந்து பார்த்தார்.

“பக்கவாட்டுலதான் போவுதா?”

“ஆமா அத்த.”

“துள்ளி வராதா?”

“வராது. மெதுவாத்தான் வரும்.”

“சரி,” என்றார். “அடுத்த தடவ சாமிக்கண்ணு கேட்டா சரியாச் சொல்லிருவேன்.”